மனுதாரர் வரவில்லை

மகளைக் கோர்ட்டுக்கு அழைத்து வர வேண்டும் என்று நீதிபதி சொல்லியிருந்தார். அன்று காலை அவளுக்குத் தலை பின்ன உட்கார்ந்தேன். வகிடு கோணிக்கொண்டே போனது. பிரித்துப் பிரித்துப் பின்னினேன். இரண்டாம் வகுப்புப் படிக்கிற பிள்ளை. மற்ற நாளாக இருந்தால் வலிக்கிறது என்று வீட்டையே இரண்டாக்கியிருப்பாள். அன்று அசையாமல் உட்கார்ந்திருந்தாள்.

"ஜட்ஜய்யா என்னம்மா கேப்பாரு?"

"யாரு கூட இருக்கப் புடிக்கும்னு கேப்பாரு."

"நான் என்ன சொல்லணும்?"

பிள்ளைக்கு எதையும் சொல்லிக்கொடுக்கக் கூடாது என்று என் வக்கீலம்மா கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். சொல்லிக்கொடுத்த பதில் என்று தெரிந்தால் நீதிபதி நம்மைத்தான் சந்தேகப்படுவார் என்றார். அதனால், "உன் மனசுல என்ன தோணுதோ அதச் சொல்லு" என்றேன். சொல்லிவிட்டு அவள் முகத்தைப் பார்க்காமல் ரிப்பனைக் கட்டினேன். அவள் மனசில் என்ன தோன்றும் என்று எனக்குத் தெரியாது. அத்தனை மாதமும் என்னைத் தின்றுகொண்டிருந்த பயம் அதுதான்.

வழக்குப் போட்டவர் என் மாமனார். பேத்திக்குத் தன்னைக் காப்பாளராக நியமிக்க வேண்டும் என்று கேட்டுப் பொன்னேரி கோர்ட்டில் மனு. மனுதாரர் அவர். எதிர்மனுதாரர் நான்.

நான் பிறந்தது காட்டூரில். வயலும் களத்துமேடும் உள்ள குடும்பம். பொன்னேரிக் கல்லூரிக்குப் போய்வந்த நாட்களில் பஸ்ஸில் பழக்கமாகி, பழவேற்காடு ஏரிக்கு அந்தப் பக்கம், கடலை ஒட்டிய குப்பத்துப் பையனைக் கல்யாணம் செய்துகொண்டேன். பிறந்த வீட்டுக் கதவு அன்றைக்குச் சாத்தியதுதான். மாமனார் மட்டும் முறைத்தாலும் கதவைச் சாத்தவில்லை. மாமியார் நான் அந்த வீட்டுக்கு வருவதற்கு முன்பே இறந்துபோயிருந்தார். மகள் பிறந்த பிறகு மாமனார் முறைப்பதையும் விட்டுவிட்டார். தோள்மேல் அவளை உட்காரவைத்துக்கொண்டு முழங்கால் தண்ணீரில் நடப்பார். அவர் காதைப் பிடித்து இப்படித் திரும்பு, அப்படித் திரும்பு என்று படகு ஓட்டுவதுபோல் ஓட்டுவாள்.

அப்பாவும் மகனும் ஒரே படகில்தான் கடலுக்குப் போவார்கள். ஏரியும் கடலும் சேர்கிற முகத்துவாரத்தில் மண் மேடிட்டிருந்த சமயம். திரும்பி வரும்போது அங்கே அலையில் படகு கவிழ்ந்தது. மாமனார் கரையேறினார். என் கணவர் மறுநாள் உடலாகக் கரை ஒதுங்கினார்.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் நானும் அவரும் குழந்தையும்தான். அவர் பேச்சை நிறுத்திவிட்டார். அன்று என்ன நடந்தது என்று நான் கேட்கவில்லை, அவர் சொல்லவும் இல்லை. கேட்காமல் இருக்க இருக்க, கேட்க முடியாததாக ஆகிவிட்டது அது. சில மாதம் கழித்து எனக்குக் காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் ஒரு ஒப்பந்தக்காரரிடம் ஆபீஸ் வேலை கிடைத்தது. துறைமுகத்தைப் பெரிதாக்கக் கூடாது என்று குப்பத்துக்காரர்கள் கடலுக்குப் போகாமல் உட்கார்ந்த போராட்டத்தில் முன் வரிசையில் இருந்தவர் என் மாமனார்.

"நம்ம கடல முழுங்க வந்தவன்கிட்டயே போயி கைகட்டி நிப்பியா?" என்றார்.

"வேற யாரு மாமா எனக்கு வேலை குடுப்பாங்க?"

"சோறு நான் போடறேன்."

"எத்தன நாளைக்கு?"

அந்தக் கேள்வியை நான் அப்படிக் கேட்டிருக்க வேண்டாம் என்று பலர் சொன்னார்கள். வேறெப்படிக் கேட்பது என்று எனக்கு இன்றும் தெரியவில்லை. மறுவாரம் மகளைக் கூட்டிக்கொண்டு ஏரியைத் தாண்டி வந்து பழவேற்காட்டில் ஒரு வீட்டின் பின்கட்டை வாடகைக்குப் பிடித்தேன். வீட்டுக்கார அக்கா முஸ்லிம். மளிகைக்கடை வைத்திருக்கிற குடும்பம். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் நான் வேலை முடிந்து வரும்வரை மகள் அவர் வீட்டில்தான் இருப்பாள். மாமனாரின் மனுவில், 'தாய் பகல் முழுதும் வேலைக்குச் செல்வதால் குழந்தை அந்நியர் வசம் விடப்படுகிறது' என்று ஒரு வரி இருந்தது. அதைப் படித்துக் காட்டியபோது அக்காவுக்கு முகம் சிவந்துவிட்டது.

"நான் அந்நியரா? தெனம் அவளுக்குத் தல வாரிவுட்டு சோறூட்டறவ அந்நியரா? வா, அடுத்த வாய்தாவுக்கு நானும் வர்றேன். இன்னா சொல்றாங்கன்னு பாக்கறேன்."

அன்றிலிருந்து ஒரு வாய்தாகூட அவர் தவறவிட்டதில்லை. தவறவிட ஆரம்பித்தவர் மனுதாரர்தான். முதலில் ஒழுங்காக வந்துகொண்டிருந்தார். வெள்ளை வேட்டியும் வெள்ளைச் சட்டையுமாக வராந்தாவின் கோடியில் நிற்பார். நான் உள்ளே வரும்போதெல்லாம் அவர் கண் என்மேல் நிற்காது, எனக்குப் பின்னால் தேடும். குழந்தை வந்திருக்கிறதா என்று. வரவில்லை என்று தெரிந்ததும் தலையைத் திருப்பிக்கொள்வார். பிறகு ஒரு வாய்தாவுக்கு வரவில்லை, அதற்கடுத்ததற்கும் வரவில்லை. காற்று, கடல் சரியில்லை என்று அவருடைய வக்கீல் காரணம் சொன்னார். நீதிபதிக்குப் பொறுமை போய்விட்டது.

"ஒவ்வொரு தடவையும் இதே காரணமா? அடுத்த வாய்தா கடைசி. மனுதாரர் நேர்ல வரணும். குழந்தையையும் கூட்டிட்டு வாங்க, நான் பேசணும். அன்னிக்கும் வரலன்னா மனு தள்ளுபடி."

அந்த வாய்தாவுக்குத்தான் நாங்கள் மூன்று பேரும் கிளம்பினோம்.

வானம் இருட்டிக்கொண்டு நின்றது. மழைக்காலத்தின் தொடக்கம். பஸ் நிற்கிற ஒவ்வொரு இடத்திலும் ஏறுகிறவர்களில் வெள்ளைச் சட்டை தெரிகிறதா என்று பார்த்தேன். மகளும் அதையே செய்கிறாள் என்பதைக் கொஞ்சம் தாமதமாகத்தான் கவனித்தேன். அவள் ஜன்னலோரம் முழங்காலிட்டு நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"உங்க மாமனாரு முன்னாடி பஸ்ஸுல போயிருப்பாரு" என்றார் அக்கா. எனக்கு ஆறுதலாகச் சொன்னாரா, எச்சரிக்கையாகச் சொன்னாரா என்று தெரியவில்லை.

கோர்ட்டில் அவர் இல்லை. ஆனால் அவருடைய வக்கீல் சீக்கிரமே வந்து காத்திருந்தார். என் மகளைப் பார்த்ததும் நின்று, "இதுதானா பாப்பா?" என்று சிரித்தபடி கேட்டுவிட்டுப் போனார். அந்தச் சிரிப்புக்கு நானே அர்த்தம் கட்டிக்கொண்டேன். தாத்தா எங்கேயோ பக்கத்தில்தான் இருக்கிறார், நேரத்துக்கு உள்ளே வருவார், பிள்ளை அவரைப் பார்த்த உடனே ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளும், அதைப் பார்க்கிற நீதிபதி வேறு எதையும் கேட்கவே வேண்டியதில்லை. இப்படியே ஓடியது என் புத்தி. மகளின் கையை இறுக்கிப் பிடித்தேன். "கை வலிக்குதும்மா" என்றாள், அன்று முதல் தடவையாக.

எங்கள் வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள். நான் எழுந்து உள்ளே போனேன். மாமனாரின் வக்கீல் நின்றார்.

"மனுதாரர் எங்கே?" என்றார் நீதிபதி.

"வழியில இருக்கார் ஐயா. கொஞ்ச நேரம் தள்ளி எடுத்துக்கிட்டா..."

நீதிபதி கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு என் இடுப்பை ஒட்டி நின்ற மகளைப் பார்த்தார். "சாப்பாட்டுக்கு அப்புறம் கூப்பிடுங்க" என்றார்.

வெளியே வந்து வராந்தா பெஞ்சில் உட்கார்ந்தோம். மழை பிடித்துக்கொண்டது. வெளியே நின்றவர்கள் எல்லாரும் வராந்தாவுக்குள் ஏற, ஈரக் குடைகளும் செருப்புச் சேறுமாக இடம் நெரிந்தது. மாமனாரின் வக்கீல் தூண் ஓரமாக நின்று திரும்பத் திரும்பப் போன் போட்டுக்கொண்டிருந்தார். ஒவ்வொரு முறையும் போனைக் காதிலிருந்து எடுத்து அதையே முறைத்துப் பார்த்தார். கடைசியில் எங்களைத் தாண்டிப் போகும்போது, என்னிடம் சொல்வதுபோலவும் இல்லாமல் சொல்லாததுபோலவும் இல்லாமல், "நேத்துகூட கண்டிப்பா வர்றேன்னுதான் சொன்னாரு. இப்ப போன் சுவிட்ச் ஆஃப்" என்றார்.

அந்த மனிதர் வரக்கூடாது என்று நான் எத்தனை சாமியை வேண்டியிருக்கிறேன்! பஸ் பஞ்சராகட்டும், காய்ச்சல் வரட்டும், நாளை மறந்துபோகட்டும். இப்போது அவர் வரவில்லை. மழை ஓட்டின்மேல் அடிக்கிற சத்தத்தில் என் நினைவு முகத்துவாரத்துக்குப் போனது. இந்தக் காற்றில் அவர் படகெடுத்திருந்தால்? கோர்ட்டுக்கு வருவதற்காகவே அவசரமாக எடுத்திருந்தால்? படகு கவிழ்ந்த அன்றும் இப்படித்தான் என் கணவரின் போன் சுவிட்ச் ஆஃப் என்று வந்தது. திரும்பத் திரும்பப் போட்டேன், அதே குரல்தான் வந்தது.

"இன்னா, மூஞ்சி இப்படிப் போவுது?" என்றார் அக்கா. "வரலன்னா நல்லதுதான?"

"நல்லதுதான் அக்கா."

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். கொண்டுவந்திருந்த எலுமிச்சை சாதத்தைப் பிரித்து மகளுக்கு ஒரு கவளம் உருட்டி நீட்டினார். அவள் வாயைத் திறக்கவில்லை.

"சாப்புடு கண்ணு."

"தாத்தா வந்தப்புறம் சாப்பிடறேன்."

அக்கா கவளத்தைப் பிடித்தபடியே என்னைப் பார்த்தார். நான் மழையைப் பார்த்தேன். நீதிபதி கேட்கப்போகிற கேள்விக்கு அவள் என்னிடமே பதில் சொல்லிவிட்டதாகத் தோன்றியது. இந்த வாயால் உள்ளே போய் அவள் என்ன சொல்லுவாள் என்று இனி நான் யோசிக்கவே வேண்டாம். எழுந்து ஓடிவிடலாமா என்றுகூட நினைத்தேன். எங்கே ஓடுவது? காட்டூருக்கா?

மதியம் மறுபடி கூப்பிட்டார்கள். மாமனாரின் வக்கீல் எழுந்து நின்றார். "கூப்பிட்டுப் பாருங்க" என்றார் நீதிபதி. டவாலி வாசலுக்குப் போய் என் மாமனாரின் பெயரை உரக்கக் கூப்பிட்டார். வராந்தாவில் பேச்சு நின்றது. இரண்டாவது முறை கூப்பிட்டார். மகள் என் கையை உதறிக்கொண்டு வாசல் பக்கம் திரும்பினாள். அவள் தாத்தாவின் முழுப்பெயரை அவ்வளவு சத்தமாக அவள் கேட்டதே இல்லை. மூன்றாவது முறை கூப்பிட்டபோது கூட்டத்துக்குள் ஒரு வெள்ளைச் சட்டை அசைந்தது. நானும் எக்கிப் பார்த்தேன். யாரோ ஒரு குமாஸ்தா. ஒதுங்கி வழிவிட்டார்.

டவாலி திரும்பி வந்து தலையை ஆட்டினார்.

"கட்சிக்காரர்கிட்ட இருந்து எனக்கு எந்தத் தகவலும் இல்லைங்க ஐயா" என்றார் மாமனாரின் வக்கீல்.

நீதிபதி பக்கத்தில் இருந்தவரிடம் தணிந்த குரலில் இரண்டு வரி சொன்னார். மனுதாரர் கூப்பிட்டும் வரவில்லை, மனுவை நடத்தவில்லை, ஆகவே தள்ளுபடி. அவ்வளவுதான். அடுத்த எண்ணைக் கூப்பிட்டுவிட்டார்கள். வேறு யாரோ என்னை இடித்துக்கொண்டு முன்னே வந்து நின்றார்கள். நான் அங்கேயே நின்றேன். அத்தனை மாதம் சேர்த்துவைத்த பதில்கள் எனக்குள் இருந்தன. ஏன் வேலைக்குப் போனேன், ஏன் வீட்டை விட்டு வந்தேன், பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தபோது யார் விழித்திருந்தது. ஒன்றையும் யாரும் கேட்கவில்லை. வக்கீலம்மா என் முழங்கையைத் தொட்டு, "முடிஞ்சிது, வாங்க" என்றார்.

வெளியே வந்து கேட்டேன். "நாம ஜெயிச்சிட்டமா மேடம்?"

"ஜெயிக்கவும் இல்ல, தோக்கவும் இல்ல. அவர் கேஸ நடத்தல, அதனால தள்ளுபடி பண்ணியிருக்காங்க. உங்க பக்கம் நியாயம்னு கோர்ட் எதுவும் சொல்லல."

"திரும்ப வருமா?"

"ஒரு மாசத்துக்குள்ள தகுந்த காரணம் காட்டி மனு போட்டா திரும்ப எடுத்துக்குவாங்க. உடம்பு சரியில்லன்னு டாக்டர் சீட்டு வெச்சாக்கூடப் போதும். அதுவரைக்கும் கொஞ்சம் ஜாக்கிரதையா இருங்க."

பழவேற்காட்டில் பஸ்ஸைவிட்டு இறங்கியதும் மகளை அக்காவுடன் அனுப்பிவிட்டு நேராகப் படகுத்துறைக்குப் போனேன். மழை விட்டிருந்தது. கரையில் நின்றவர்களிடம், முகத்துவாரத்தில் இன்று ஏதாவது ஆயிற்றா என்று கேட்டேன். கேட்கும்போது என் குரல் எனக்கே அடையாளம் தெரியவில்லை. ஒன்றும் ஆகவில்லை என்றார்கள். இறால் வாங்கிக்கொண்டு கரையேறிய ஒருவர், அக்கா வீட்டுக்காரருக்குச் சொந்தம், என்னைத் தெரிந்தவர், கூடையை இறக்கி வைத்துவிட்டுச் சொன்னார்.

"உங்க மாமனாரையா கேக்கறீங்க? காலைல இருந்து ஏரியிலதான் கீறாரு. அவரு பாடு இன்னிக்கி. நல்ல இறாலு. நான்தான் வாங்கியாந்தேன்."

ஏரியில் இறால் ஓடுகிற இடங்களைக் குப்பத்துக்காரர்கள் முறை வைத்துப் பிரித்துக்கொள்வார்கள். அந்த முறைக்குத்தான் பாடு என்று பெயர். யாருடைய பாடோ, அன்றைக்கு அந்த இடத்தில் அவர்தான் வலை கட்டலாம். விட்டுவிட்டால் முறை சுற்றி வரும்வரை காத்திருக்க வேண்டும்.

உயிரோடு இருக்கிறார் என்று தெரிந்ததும் அங்கே கிடந்த ஒரு படகின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டேன். கொஞ்ச நேரம் நிம்மதியாக இருந்தது. பிறகு கோபம் வந்தது. அப்படி ஒரு கோபம் எனக்கு அதற்கு முன் வந்ததில்லை. என் பிள்ளை சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தாளே, இவருக்கு இறால் முக்கியமாகப் போயிற்றா? அவர் வரக்கூடாது என்று வேண்டியவளே நான்தான். ஆனாலும் ஒரு கூடை இறாலுக்காக வரவில்லை என்பதை என்னால் தாங்க முடியவில்லை.

மறுநாள் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு, மகளைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டுப் படகேறினேன். அந்த வீட்டை விட்டு வந்த பிறகு ஏரியைத் தாண்டுவது அதுதான் முதல் தடவை. குப்பத்தில் இறங்கி நடந்தபோது பேசிக்கொண்டிருந்த பெண்கள் பேச்சை நிறுத்தினார்கள். யாரும் தடுக்கவில்லை.

மாமனார் அடுப்புக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து சோறு வடித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழவில்லை. அவர் கண் வழக்கம்போல் எனக்குப் பின்னால் தேடியது.

"பாப்பா?"

"ஸ்கூலுக்குப் போயிருக்கா. நேத்து ஏன் மாமா வரல?"

"பாடு இருந்திச்சி."

"மாத்திக் கேட்டிருந்தா யாராவது குடுத்திருக்க மாட்டாங்களா?"

"குடுத்திருப்பாங்க."

"அப்புறம்?"

அவர் வடிதட்டைச் சரிசெய்தார். கஞ்சி வழிந்து தரையில் ஓடியது. துடைக்கவில்லை.

"காலைல இருந்து அவ ஒரு வாய்கூடச் சாப்பிடல, தெரியுமா உங்களுக்கு? தாத்தா வந்தாதான் சாப்பிடுவேன்னு உக்காந்திருந்தா. அத்தன பேர் முன்னாடி உங்க பேரக் கூப்பிடறாங்க, இவ வாசலப் பாக்கறா. இறால் புடிக்கப் போயிட்டீங்க!"

"கத்தாத."

"கத்துவேன். கோர்ட்ல யாரும் என்னப் பேசவிடல. இங்கயாவது கத்தறேன்."

பக்கத்து வீட்டு வாசலில் யாரோ வந்து நின்றார்கள். மாமனார் எழுந்துபோய்க் கதவை ஒருக்களித்துவிட்டு வந்தார். நின்றபடியே பேசினார்.

"அது நின்னு சொன்னா இன்னா சொல்லும்? அம்மான்னுதான் சொல்லும். அத என் காதால கேக்கறதுக்கா நான் படகேறி பஸ்ஸேறி வரணும்?"

"நான் இன்னொண்ணு நெனச்சி பயந்துக்கிட்டிருந்தேன் மாமா" என்றேன். "அவ தாத்தான்னு சொல்லிடுவாளோன்னு."

அவர் என்னை நேராகப் பார்த்தார். வழக்கு ஆரம்பித்த பிறகு அவர் என் முகத்தைப் பார்த்தது அப்போதுதான்.

"அப்படிச் சொல்லியிருந்தா அது இன்னும் மோசம்" என்றார். "ஆத்தாள வோணான்னு சொல்லிட்டமேன்னு அந்தப் புள்ளைக்கு பின்னால இன்னா ஆவும்? எதச் சொன்னாலும் அது தலமேலதான் வுழும். ஜட்ஜி புள்ளைய இட்டுக்கினு வரச் சொன்னாருன்னு வக்கீலு சொன்னாரே, அன்னில இருந்தே எனக்கு சோறு எறங்கல. அவருகிட்ட இதச் சொன்னா திட்டுவாரு. அதான் போன அமத்திட்டு ஏரிக்குப் பூட்டேன்."

"அப்ப கேஸ வாபஸ் வாங்கிக்கங்க. ஒரு கையெழுத்துதான்."

"அது மட்டும் நடக்காது." குரல் சட்டென்று கெட்டியானது. "எம் புள்ள பெத்த புள்ள மேல எனக்கு பாத்தியத இல்லன்னு நானே கையெழுத்து போடுவனா? வரல, அவ்ளோதான். தள்ளுபடின்னா அவங்க பண்ணது. நான் எழுதிக் குடுக்கல."

"திரும்பப் போடுவீங்களா?"

"தெரியாது."

"ஒரு மாசம் நான் தெனம் வாசலப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கணுமா?"

"அத என் கண்ணுல காட்டாத வெச்சிருந்தியானா போடுவேன்."

"மிரட்டறீங்களா?"

"மெரட்டல. இருக்கறதச் சொல்றேன்." அடுப்பில் விறகை உள்ளே தள்ளினார். தள்ளிக்கொண்டே, குரலைத் தாழ்த்தி, "சனிக்கெழம நான் வந்து இட்டுக்கினு வரட்டா? சாயங்காலம் கொண்டாந்து வுட்டுடறேன்" என்றார்.

"படகுலயா?"

கேட்ட பிறகுதான் என்ன கேட்டேன் என்பது எனக்கு உறைத்தது. அவருக்கும் உறைத்தது. விறகு தள்ளிய கை அப்படியே நின்றது.

"ஏரியிலதான்" என்றார். "மொகத்துவாரம் பக்கம் போவ மாட்டேன்."

அந்த வார்த்தையை அவர் வாயால் நான் கேட்டது அதுவே முதல் முறை. அதற்கு மேல் என்னால் அடக்க முடியவில்லை. "அன்னிக்கு என்ன ஆச்சு மாமா?" என்று கேட்டுவிட்டேன்.

அவர் விறகை விட்டுவிட்டு அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்தார்.

"ஒரு அலைல கவுந்திச்சி. ரெண்டு பேரும் படகப் புடிச்சிக்கினுதான் கெடந்தோம். என் கையப் புடிச்சிருந்தான். நைனா, வுட்றாதன்னான். நான் வுடல. இன்னொண்ணு வந்திச்சி. அப்பறம் பாத்தா கைல அவன் இல்ல." வலது கையை விரித்து அதையே பார்த்தார். "நான் வுடல. உன்கிட்ட இத எப்படிச் சொல்றதுன்னு எனக்குத் தெரியல."

நான் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் அழவில்லை. நானும் அங்கே அழவில்லை. சனிக்கிழமைக்குப் பதில் சொல்லாமலே வந்து படகேறினேன். ஏரி நடுவில்தான் அழுகை வந்தது. படகுக்காரர் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

வக்கீலம்மாவுக்குப் போன் செய்தேன். அவர் பதறிவிட்டார். "அனுப்பாதீங்க. உங்க கைல உங்களுக்குச் சாதகமா ஒரு ஆர்டரும் இல்ல. அவர் பிள்ளைய அங்கேயே வெச்சிக்கிட்டாருன்னா நாமதான் புதுசா மனு போட்டு அலையணும். இப்பதான் தப்பிச்சீங்க." அவர் சொன்னதில் ஒரு பிழையும் இல்லை. அக்காவிடம் கேட்டேன். மடியில் தூங்கிப்போன மகளுக்குப் பேன் பார்த்துக்கொண்டே, "என்னக் கேட்டா அனுப்பாதன்னுதான் சொல்லுவேன்" என்றார். சற்றுக் கழித்து, "ஆனா இவ தூக்கத்துல தாத்தாவக் கூப்பிடறா. அத நீ கேக்கறியா, இல்லியா?" என்றார்.

கேட்டுக்கொண்டுதான் இருந்தேன்.

சனிக்கிழமை காலை மகளைக் கூட்டிக்கொண்டு படகுத்துறையில் நின்றேன். எதற்கு வந்திருக்கிறோம் என்று அவளிடம் சொல்லவில்லை. அவர் வராவிட்டால் இறால் வாங்க வந்ததாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று வைத்திருந்தேன். ஆனால் படகு வந்தது. தூரத்திலேயே அடையாளம் கண்டுகொண்டு அவள் தண்ணீருக்குள் ஓடினாள். பாவாடை நனைந்தது. அவர் ஒரே கையால் அவளைத் தூக்கிப் படகுக்குள் விட்டார். அவளைப் பிடித்த விதத்தைப் பார்த்தேன், அந்தக் கையையும் பார்த்தேன்.

"வெளிச்சம் இருக்கும்போதே வந்துடணும் மாமா."

"வந்துடுவேன்."

படகு சிறிதாகிச் சிறிதாகிப் புள்ளியானது. வீட்டுக்குப் போகலாம் என்று திரும்பினேன், முடியவில்லை. அங்கேயே மீன் ஏலம் போடுகிற கொட்டகையில் உட்கார்ந்தேன். மத்தியானம் அக்கா சோறு கொண்டுவந்தார். சாயங்காலம் காற்று திசை மாறியது. மீன்காரர்களின் படகுகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. ஒவ்வொன்றையும் கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தேன். அது இல்லை, அதுவும் இல்லை. வெயில் போய் ஏரி ஈயம் போல ஆனது. கரையில் விளக்கைப் போட்டுவிட்டார்கள். வக்கீலம்மா சொன்ன வார்த்தைகள் ஒவ்வொன்றும் அதே குரலில் காதுக்குள் ஓடின. உங்கள் கையில் ஒரு ஆர்டரும் இல்லை. அவர் வைத்துக்கொண்டுவிட்டார் என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். இல்லை, கவிழ்ந்துவிட்டது என்று அடுத்த நிமிஷம் நினைத்தேன். முதலாவதாகவே இருக்கட்டும், வைத்துக்கொண்டே இருக்கட்டும் என்று மனசார வேண்டிக்கொண்டேன்.

போன் போட்டேன். மணி அடித்தது, எடுக்கவில்லை. அக்கா என் தோளைப் பிடித்துக்கொண்டு ஏதோ ஓதத் தொடங்கினார்.

இருட்டு முழுசாக விழுவதற்குள் ஒரு படகு வந்தது. இன்ஜின் சத்தம் இல்லை. மாமனார் இடுப்பளவு தண்ணீரில் இறங்கிப் படகைத் தள்ளிக்கொண்டு வந்தார். மகள் முன்பக்கம் நின்றுகொண்டு, "இந்தப் பக்கம் தாத்தா, இந்தப் பக்கம்!" என்று கத்திக்கொண்டிருந்தாள்.

"தண்ணி வத்தி மண்ணுல ஏறிக்கிச்சி" என்றார் அவர், மூச்சு வாங்க. "இன்ஜின் போட முடியல. தள்ளிக்கினே வந்தேன். போனு எடுக்கக் கை இல்ல. பயந்துட்டியா?"

நான் மகளைத் தூக்கிக்கொண்டேன். உடம்பெல்லாம் சேறு. என் கழுத்தில் முகத்தை வைத்து, தான் நண்டு பிடித்ததையும் அது தாத்தாவின் விரலைப் பிடித்ததையும் சொல்ல ஆரம்பித்தாள். பாதியிலேயே தூங்கிவிட்டாள். மாமனார் குளிரில் நடுங்கிக்கொண்டு நின்றார். அக்கா தன் சால்வையை எடுத்து நீட்டினார். வாங்கலாமா என்பதுபோல் மாமனார் என்னைப் பார்த்தார். "போத்திக்கங்க மாமா" என்றேன்.

அந்த மாதம் கழிந்தது. வழக்கைத் திரும்ப எடுக்கச் சொல்லி அவர் மனு எதுவும் போடவில்லை. தாமதத்துக்குக் காரணம் காட்டி இனிமேலும் போடலாம் என்று வக்கீலம்மா சொல்லிவைத்தார். அதனால் ஒவ்வொரு சனிக்கிழமையும் அவளைக் கூட்டிப்போன படகு திரும்பக் கண்ணில் படுகிறவரை எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டேதான் இருக்கிறது.

போன மழையில் ஏரி பொங்கிக் குப்பத்துக்குள் தண்ணீர் வந்தபோது அவர் வந்து எங்களோடு தங்கினார். அக்கா வீட்டுக் கட்டிலை எங்கள் பின்கட்டுக்குத் தூக்கிக்கொண்டு வந்து போட்டோம். நான் வேலைக்குக் கிளம்பும்போதெல்லாம் துறைமுகத்தைப் பற்றி ஏதாவது சொல்லுவார். நானும் விடமாட்டேன். ஒரு நாள் சண்டை முற்றிப் பஸ்ஸைத் தவறவிட்டேன். திரும்பி வந்து பார்த்தால், மகளுக்குத் தட்டில் சோற்றைப் போட்டு மீனில் முள் எடுத்துக்கொண்டிருந்தார். "பஸ் பூட்சா? ஒக்காரு, நீயும் துன்னுட்டு அடுத்த பஸ்ஸுல போ" என்று எனக்கும் ஒரு தட்டை நகர்த்தினார்.